அப்பாவின் ஜிப்பாவைக் கழற்றச் சொன்ன புகைப்படக்காரர்: முடியாது என்று சொல்லியிருக்கலாமா?

கொள்ளிடக்கரை:

வணக்கம். என் அப்பா நாயனக்காரர், நாதஸ்வரம் வாசிப்பவர். மயிலாடுதுறைக்கு அருகில் ஒரு கிராமம். வயது 73. சுவாமி புறப்பாட்டில் மல்லாரி வாசித்துக்கொண்டு நடக்கும்போது எதிரே எவ்வளவு பெரிய மனிதர் வந்து நின்றாலும் அவர் விரல் தடுமாறி நான் பார்த்ததில்லை. அப்படிப்பட்டவர் ஒரு கேமராவுக்கு முன்னால் கூனிக்குறுகி உட்கார்ந்திருந்ததைப் போன மாதம் பார்த்தேன். இன்னும் மனது ஆறவில்லை.

சென்னையிலிருந்து ஒரு புகைப்படக்காரர் வந்தார். முப்பது வயது இருக்கும். மரபுக் கலைஞர்களைப் படமெடுத்துப் புத்தகமாகவும் கண்காட்சியாகவும் கொண்டுவரப் போவதாகச் சொன்னார். மரியாதையாகத்தான் பேசினார், அதைச் சொல்லியாக வேண்டும். அப்பா விடியற்காலையிலேயே முகச்சவரம் செய்து, குளித்து, திருநீறு பூசி, சந்தன நிறப் பட்டு ஜிப்பாவைப் போட்டுக்கொண்டு, ஒரு கும்பாபிஷேகத்தில் தந்த பதக்கத்தையும் குத்திக்கொண்டு, மூக்குக்கண்ணாடி, கைக்கடிகாரம் சகிதம் திண்ணையில் காத்திருந்தார். வந்தவர் ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "இதெல்லாம் வேண்டாம் ஐயா, இயல்பாக இருங்கள்" என்றார்.

அவர் கேட்ட இயல்பு எது தெரியுமா? ஜிப்பாவைக் கழற்ற வேண்டும். துண்டை இடுப்பில் கட்டிக்கொள்ள வேண்டும். பதக்கம், கடிகாரம், கண்ணாடி எதுவும் கூடாது. திண்ணைச் சுவரில் வெள்ளைத் துணி கட்டி, அதன் முன்னால் ஒரு குட்டை முக்காலியைப் போட்டு உட்கார வைத்தார்கள். புகைப்படக்காரர் பெஞ்சின்மேல் ஏறி நின்று மேலிருந்து எடுத்தார். நாயனத்தின் மேல்முனையில் தொங்கும் சீவாளிக் கொத்து, அதாவது ஊதுவதற்கான நாணல் நாக்குகள், முகத்தை மறைக்கிறது என்று அதையும் அவிழ்க்கச் சொன்னார். பிறகு, "ஊத வேண்டாம் ஐயா, ஊதுவதுபோல் கன்னத்தை மட்டும் உப்பிக்கொள்ளுங்கள்" என்றார்.

சீவாளியை வாயில் நனைத்துப் பதம் பார்க்காமல் அப்பா நாயனத்தை உதட்டருகே கொண்டுபோனதே கிடையாது. அன்று காய்ந்த சீவாளியைக் கவ்விக்கொண்டு, சத்தம் வராமல் கன்னத்தை உப்பிக்கொண்டு, "இன்னும் கொஞ்சம்… இன்னும் கொஞ்சம்" என்ற குரலுக்குக் கட்டுப்பட்டு உட்கார்ந்திருந்தார். கூட வந்த உதவியாளர் இரண்டு விரலால் அப்பாவின் மோவாயைப் பிடித்துத் திருப்பினார். அம்மா எழுந்து உள்ளே போய்விட்டார்.

ஒரு ஜிப்பாவுக்காக இவ்வளவு எழுதுகிறாளே என்று நினைக்காதீர்கள். நாயனக்காரர் துண்டைத் தோளில் போடக்கூடாது, இடுப்பில் கட்டிக்கொண்டுதான் வாசிக்க வேண்டும் என்று இருந்த காலம் உண்டு. கானாடுகாத்தானில் ஒரு கல்யாண ஊர்வலத்தில் மதுரை சிவக்கொழுந்து தோளில் துண்டோடு வாசித்தார் என்பதற்காக அதை எடுக்கச் சொன்னார்கள். எடுக்க வேண்டாம் என்று சுயமரியாதை இயக்கப் பேச்சாளர் பட்டுக்கோட்டை அழகிரி குறுக்கே நின்றார். சுயமரியாதை இயக்கத்தைப் பற்றிப் பேசுகிறவர்கள் இன்றும் சொல்லும் சம்பவம் இது. பிறகு திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளை கிராப்பும் ஷெர்வானியுமாக மேடையில் உட்கார்ந்து வாசித்தார். எங்களைப் போன்ற வீடுகளில் அது எப்படிப்பட்ட செய்தியாக இருந்தது என்று தாத்தா சொல்லிச் சொல்லிக் கேட்டிருக்கிறேன். தாத்தா சட்டை போட்டு எடுத்துக்கொண்ட முதல் படம் எங்கள் கூடத்தில் மாட்டியிருக்கிறது. அதற்கு நேர் கீழே இருக்கும் நாற்காலியில்தான் அப்பாவின் ஜிப்பாவை மடித்து வைத்தார்கள்.

கிளம்பும்போது ஆங்கிலத்தில் ஒரு தாளை நீட்டிக் கையெழுத்து வாங்கினார்கள். படித்துக் காட்டவில்லை, நகலும் தரவில்லை. அடுத்த மாதம் மறுபடி வருவார்களாம். அப்பாவிடம் கேட்டால், "வீடு தேடி வந்தவர்களிடம் எப்படி அம்மா முடியாது என்பது" என்கிறார். அதற்குமேல் பேச்சில்லை.

அந்தப் படங்களைப் போடாதீர்கள் என்று கேட்க எங்களுக்கு உரிமை உண்டா? அடுத்த முறை அவர் எப்படி உட்கார வேண்டும்? இத்தனை மேடை ஏறியவர் ஏன் அந்த முக்காலியில் மட்டும் கூசிப்போனார்? இவற்றில் எதற்குப் பதில் தெரிந்தாலும் சொல்லுங்கள்.

---

பழைய ஸ்டூடியோ:

அம்மா, நான் கும்பகோணம் பக்கத்தில் ஸ்டூடியோ வைத்திருந்தவன். ஆலப்புழையில் செய்த வாகீஸ்வரி கேமராவில் என் தகப்பனார் எனக்குத் தொழில் சொல்லித்தந்தார். மரப்பெட்டி, பித்தளைப் பூண், தலைக்குமேல் கறுப்புத் துணி. துணிக்குள் புகுந்து பார்த்தால் எதிரே இருப்பவர் கண்ணாடியில் தலைகீழாகத் தெரிவார். அவருக்கோ ஒரு துணி மூட்டையும் ஒரு லென்ஸும்தான் தெரியும்.

உங்கள் கடைசிக் கேள்விக்குப் பதில் அங்கே இருக்கிறது. மேடையில் உங்கள் அப்பாவைச் சபை பார்க்கிறது, சபையை அவரும் பார்க்கிறார். யார் தலையாட்டுகிறார், யார் எழுந்து போகிறார் என்று அவருக்குத் தெரியும். அதற்குத் தகுந்தபடி ராகத்தை வளர்ப்பார், சுருக்குவார். படத்துக்கு உட்கார்ந்தவருக்கு அப்படி ஒன்றுமே கிடையாது. தன் முகம் இப்போது எப்படி இருக்கிறது என்பது அங்கே இருக்கும் எல்லோருக்கும் தெரிகிறது, அவருக்கு மட்டும் தெரியவில்லை. அவர் கையில் மிச்சம் இருந்தது நாயனம் ஒன்றுதான். அதையும் ஊதாதே, ஊதுகிற மாதிரி இரு என்று சொல்லிவிட்டார்கள். கூசாமல் என்ன செய்வார்?

எங்கள் காலத்து ஸ்டூடியோக்களில் கேமரா அறைக்கு முன்னால் ஒரு சின்ன தடுப்பறை இருக்கும். அதில் ஆளுயரக் கண்ணாடி, சீப்பு, பவுடர் டப்பா, ஆணியில் ஒரு கோட்டு. வருகிறவர் அதற்குள் போய் எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் நிற்கலாம். வயல் வேலை செய்பவர் கோட்டுப் போட்டுக்கொண்டு வருவார். எழுதத் தெரியாதவர் சட்டைப்பையில் பேனாவைச் செருகிக்கொள்வார். ரேடியோ வாங்கியவர் அதைத் தூக்கிக்கொண்டே வந்து பக்கத்தில் வைத்துக்கொள்வார். அது இயல்பா என்று நான் கேட்டதில்லை. காசு கொடுப்பவர் அவர், படம் மாட்டப்போவது அவர் வீட்டுச் சுவரில். எப்படித் தெரிய வேண்டும் என்று அவரே முடிவு செய்துகொண்டு வருவார். வெளிச்சமும் கூர்மையும் மட்டும் என் பொறுப்பு.

பெண் பார்க்க அனுப்பும் படத்துக்காக வரும் பெண்களுக்கு மட்டும் அந்த உரிமை இருக்கவில்லை. உட்கார்ந்திருப்பது அந்தப் பெண், கட்டளை வருவது அம்மாவிடமிருந்தும் அத்தையிடமிருந்தும். நெகட்டிவில் பென்சில் வைத்து நிறத்தைக் கொஞ்சம் ஏற்றுங்கள் என்பார்கள். அவளை யாரும் ஒரு வார்த்தை கேட்க மாட்டார்கள். நீங்கள் எழுதியதைப் படித்ததும் அவர்களுடைய கைகள்தான் ஞாபகத்துக்கு வந்தன. மடியில் ஒன்றையொன்று இறுக்கிப் பிடித்தபடி இருக்கும். முகத்தை எப்படியோ சிரிக்க வைத்துவிடுவேன். அந்தக் கைகளைத் தளர்த்த முடிந்ததே இல்லை.

அடுத்த முறைக்குச் சொல்கிறேன். முக்காலி வேண்டாம். அப்பா வழக்கமாக உட்காரும் நாற்காலியையோ, வாசிக்கும் ஜமக்காளத்தையோ போடுங்கள். லென்ஸ் அவர் கண் மட்டத்தில் இருக்க வேண்டும். பெஞ்சில் ஏறி எடுத்தால் ஆள் சிறுத்துத்தான் தெரிவார், அது எந்த லென்ஸுக்கும் பொது. படம் எடுப்பவர் மேலே ஏறினால் அப்பா எழுந்து நின்றுவிடட்டும், பேச்சே தேவையில்லை. மூக்குக்கண்ணாடியில் வெளிச்சம் அடிக்கிறது என்பார்கள். விளக்கைக் கொஞ்சம் உயர்த்தலாம். இல்லாவிட்டால் காதுமேல் இருக்கும் கண்ணாடிக் கம்பியை ஒரு நூல் தூக்கினால் முன்பக்கம் சாய்ந்துகொள்ளும், பளபளப்பு போய்விடும். கழற்றத் தேவையே இல்லை. எடுத்த படத்தை உடனுக்குடன் திரையில் காட்டச் சொல்லுங்கள். நாங்கள் பிரிண்ட் போட்டுத்தான் காட்ட முடிந்தது, இவர்களுக்கு ஒரு பொத்தான் போதும்.

மோவாயைத் தொட்டார்கள் என்றீர்களே, அதுதான் எனக்கு நெஞ்சு பொறுக்கவில்லை. என் தகப்பனார் முதலில் சொல்லித்தந்ததே அதுதான்: வந்தவர் முகத்தைத் தொடாதே, உன் முகத்தைத் திருப்பிக் காட்டு, அவர் பார்த்துத் தானே திருப்பிக்கொள்வார்.

---

ஒளிப்படப் பயணி:

அக்கா, நானும் படம் எடுப்பவன். மோவாயைத் தொட்டது தவறு, தாளைப் படித்துக் காட்டாதது பெரிய தவறு. அவற்றில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் உட்காருபவர் சொன்னபடியே எடுத்தால் எல்லாப் படமும் ஒரே மாதிரி ஆகிவிடும். பதக்கம், விறைத்த கழுத்து, கல்யாண ஆல்பத்துப் பார்வை. அதைத் தாண்டிப் போகத்தான் நாங்கள் சிலவற்றை விலக்கச் சொல்கிறோம்.

1941 டிசம்பர் 30 அன்று கனடாவின் ஒட்டாவாவில் யூசுஃப் கார்ஷ் என்ற புகைப்படக்காரர் பிரிட்டன் பிரதமர் சர்ச்சிலைப் படமெடுத்தார். சர்ச்சில் வாயிலிருந்த சுருட்டைக் கீழே வைக்கவில்லை. கார்ஷ் அருகே போய், மன்னிக்கும்படி கேட்டுக்கொண்டே அதைப் பிடுங்கிவிட்டு வந்து கேமராவை இயக்கினார். அந்தக் கோபப் பார்வைதான் உலகம் முழுவதும் பரவிய படம். ரிச்சர்ட் அவெடான் 1979 முதல் 1984 வரை அமெரிக்காவின் மேற்கு மாநிலங்களில் சுரங்கத் தொழிலாளர்களையும் நாடோடிகளையும் வெள்ளைத் தாளின் முன்னால் நிறுத்தி எடுத்தார். பின்னணி இல்லை, பொருள் இல்லை, சிரிப்பு இல்லை. அவர் கேமராவுக்குப் பின்னால் ஒளியாமல் அதன் பக்கத்திலேயே நின்று அவர்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்தச் சங்கடத்திலிருந்துதான் அந்த முகங்கள் கிடைத்தன. உங்கள் அப்பாவின் படம் எப்படி வந்திருக்கிறது என்று பார்க்காமலே முடிவு செய்ய வேண்டாம் என்பது என் வேண்டுகோள்.

---

தெருமுனை நூலகம்:

தம்பி, சர்ச்சில் கதையில் நீங்கள் விட்டுவிட்ட பாதியும் உண்டு. அடுத்த நிமிடமே அவர் தணிந்து, இன்னொன்று எடுத்துக்கொள்ள அனுமதி கொடுத்தார். அதில் சிரித்துக்கொண்டிருக்கிறார், அந்தப் படமும் இருக்கிறது. அவர் ஒரு நாட்டின் பிரதமர். பிடிக்காவிட்டால் எழுந்து போயிருப்பார், கார்ஷால் ஒன்றும் செய்திருக்க முடியாது. தன் வீட்டுத் திண்ணையில் விருந்தாளிக்குக் கட்டுப்பட்டு உட்கார்ந்திருந்த பெரியவரையும் அவரையும் எப்படி ஒரே வரிசையில் வைக்கிறீர்கள்? எதிரே இருப்பவர் எழுந்து போகக்கூடியவரா என்பதை முதலில் பார்க்க வேண்டாமா?

சகோதரி எழுதியதைப் படித்ததும் எனக்கு எட்வர்ட் கர்ட்டிஸின் ஒரு படம் நினைவுக்கு வந்தது. அமெரிக்கப் பழங்குடிகளை ஆண்டுக்கணக்கில் படமெடுத்தவர் அவர். 1910-ல் பீகன் மக்களின் கூடாரத்துக்குள் ஒரு தந்தையையும் மகனையும் எடுத்தார். அவர்கள் இருவருக்கும் நடுவில் ஒரு கடிகாரம் இருந்தது. அச்சான படத்தில் அந்தக் கடிகாரம் இல்லை, அழித்துவிட்டார்கள். அழிக்காத மூலம் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தில் இருப்பதால்தான் நமக்கு இது தெரியும். அவர்கள் தங்கள் வீட்டில் தங்கள் பொருளோடு உட்கார்ந்திருந்தார்கள். படம் எடுத்தவர் மனதில் வைத்திருந்த பழங்குடிக்குக் கடிகாரம் இருக்கக்கூடாது. உங்கள் அப்பாவின் கைக்கடிகாரத்தையும் அதே எண்ணம்தான் கழற்றியிருக்கிறது. நம் காலத்து மனிதரை நம் காலத்தில் இருக்கவிடாத எண்ணம் அது.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். 1960-ல், அப்போது பிரான்ஸின் ஆட்சியில் இருந்த அல்ஜீரியாவில், பிரெஞ்சு ராணுவத்தில் கட்டாயப் பணியில் இருந்த மார்க் கராஞ்சே என்ற இளைஞரிடம் கிராமத்து மக்களுக்கு அடையாள அட்டைப் படம் எடுக்கும் வேலையைக் கொடுத்தார்கள். வெளியார் முன் முகத்திரையை விலக்காத பெண்கள் மேலதிகாரியின் உத்தரவால் அதை விலக்க வேண்டியதாயிற்று. ஒரு முக்காலி, பின்னால் வெள்ளைச் சுவர். ஏறக்குறைய 2000 படங்கள், பெரும்பாலும் பெண்கள். துப்பாக்கிக்கு முன்னால் மறுக்க வழியில்லை, அதனால் லென்ஸை நேராக முறைத்தார்கள். அந்தப் படங்களைப் பார்ப்பவர்கள் கண்ணைத் தாழ்த்திக்கொள்ள வேண்டியிருக்கிறது. பிற்காலத்தில் கராஞ்சே அவற்றை வெளியிட்டபோது அவை அந்த ராணுவத்துக்கு எதிரான சாட்சியாக நின்றன. ஒருவருக்கு ஆடை எதை மூடுகிறது என்பதைவிட, அதைக் கழற்று என்று சொல்லும் அதிகாரம் யாரிடம் இருக்கிறது என்பதே பெரிது. அவர்களுக்குத் திரை, உங்கள் வீட்டுக்கு ஜிப்பா.

---

ஒளிப்படப் பயணி:

கடிகாரச் செய்தி எனக்குத் தெரியாது, ஐயா. படங்களைத் தேடிப் பார்க்கிறேன். ஆனாலும் அவெடானின் மனிதர்கள் பரிதாபமாகத் தெரிகிறார்கள் என்று யாராவது சொன்னால் நான் ஒப்புக்கொள்ள மாட்டேன்.

---

வழக்குரை:

சட்டத்தை மட்டும் சொல்கிறேன். பதிப்புரிமைச் சட்டம், 1957-ன்படி புகைப்படத்தின் ஆசிரியர் அதை எடுத்தவர். பொதுவாக உரிமையும் அவருடையதே. ஒருவர் பணம் கொடுத்துத் தனக்காக எடுக்கச் சொன்னால், வேறு ஒப்பந்தம் இல்லாதவரை, முதல் உரிமை பணம் கொடுத்தவருக்கு. இது 17-வது பிரிவு. மேலே ஸ்டூடியோ ஐயா சொன்னதைச் சட்டமும் ஏற்கிறது. உங்கள் வீட்டில் நடந்ததோ நேர்மாறு. அவராகவே வந்து எடுத்திருக்கிறார். ஆகவே பதிப்புரிமை அவருக்கு, அவர் ஆயுள் முழுவதும், அதன் பிறகு 60 ஆண்டுகள்.

அதனால் உங்களுக்கு ஒன்றும் இல்லை என்று ஆகாது. ஆட்டோ சங்கர் வழக்கு என்று நாம் சொல்லும் ராஜகோபால் எதிர் தமிழ்நாடு அரசு வழக்கில், 1994-ல், உச்ச நீதிமன்றம் தனிமை உரிமையைப் பேசியது. ஒருவருடைய பெயரையோ உருவத்தையோ அவர் சம்மதமின்றி விளம்பரத்துக்கோ வேறு நோக்கத்துக்கோ பயன்படுத்துவது அந்த உரிமையை மீறுவதற்கு எடுத்துக்காட்டாக அதில் சொல்லப்பட்டிருக்கிறது. ஆகவே எல்லாம் சம்மதத்தில் வந்து நிற்கிறது. இந்திய ஒப்பந்தச் சட்டம், 1872-ன் 13-வது பிரிவுப்படி, இரண்டு பேர் ஒரே விஷயத்தை ஒரே பொருளில் ஒப்புக்கொண்டால்தான் சம்மதம். ஆங்கிலம் தெரியாதவரிடம் படித்துக் காட்டாமல் வாங்கிய கையெழுத்தை நீங்கள் கேள்வி கேட்க முடியும். கையெழுத்து தானாகவே செல்லாமல் போய்விடும் என்று மட்டும் நம்பிவிடாதீர்கள்.

வழக்கு வரை போக வேண்டாம். முதலில் தாளின் நகலைக் கேளுங்கள். அதே கடிதத்தில், எந்தப் படங்களுக்குச் சம்மதம் இல்லை என்பதைத் தெளிவாக எழுதுங்கள். உங்கள் அப்பாவின் பெயரில் போகட்டும், கையெழுத்தும் அவருடையதாக இருக்கட்டும். புத்தகம் அச்சுக்குப் போவதற்கு முன் போய்ச் சேர்ந்தால் அதற்கு மதிப்பு அதிகம்.

---

கொள்ளிடக்கரை:

எல்லோருக்கும் நன்றி. நேற்று இரவு சாப்பாட்டுக்குப் பிறகு எல்லாவற்றையும் அப்பாவுக்குப் படித்துக் காட்டினேன். ஸ்டூடியோ ஐயா எழுதியதை இரண்டாம் முறை படிக்கச் சொன்னார். அல்ஜீரியப் பெண்களைப் பற்றிய இடத்தில் நிறுத்தச் சொல்லி, "அந்தப் படம் இருக்கிறதா?" என்று கேட்டார். கைபேசியில் தேடிக் காட்டினேன். வெகுநேரம் பார்த்தார்.

பயணித் தம்பிக்கு ஒன்று சொல்ல வேண்டும். விறைத்த கழுத்து என்று எழுதியிருக்கிறீர்கள். எங்கள் தாத்தாவின் படத்தில் கழுத்து விறைத்துத்தான் இருக்கிறது. சட்டை போட்டு வெளியே போக அவர் பட்ட பாட்டை அறிந்தவர்களுக்கு அந்த விறைப்பில்தான் அவர் இருக்கிறார். அது பொய்யான முகம், உள்ளே வேறு முகம் இருக்கிறது என்று வெளியிலிருந்து வரும் ஒருவர் முடிவு கட்டுவதை என்னால் ஏற்க முடியவில்லை. நீங்கள் மனம் விட்டு எழுதியதால் நானும் சொல்கிறேன்.

புகைப்படக்காரரிடம் தொலைபேசியில் பேசிவிட்டேன். கன்னத்தை உப்பிய படங்களை நீக்கிவிடுவதாக உடனே ஒப்புக்கொண்டார். வெற்று மார்போடு இருக்கும் படம் ஒன்று ஏற்கெனவே பக்க வடிவமைப்புக்குப் போய்விட்டதாம். அதைப் பற்றி யோசித்துச் சொல்வதாகச் சொன்னார். தாளின் நகலை அனுப்புகிறேன் என்றார், இன்னும் வரவில்லை.

மறுபடி வருவதற்கு அப்பா சம்மதித்துவிட்டார். எனக்கு அதில் விருப்பம் இல்லை, ஆனால் அவர் முடிவு அது. "வரட்டும். நான் வாசிப்பேன், வாசிக்கும்போது எடுத்துக்கொள்ளட்டும். தோடி ராகத்தை முடிக்கிறவரை பக்கத்தில் வந்து யாரும் பேசக்கூடாது" என்றார். தவிலுக்குச் சித்தப்பாவையும் வரச் சொல்லிவிட்டார். ஜிப்பாவை இஸ்திரிக்குக் கொடுத்தாயிற்று.

வழக்குரை ஐயாவுக்கு ஒரு கேள்வி. கடிதத்தை அப்பாவே தமிழில் சொல்லச் சொல்ல எழுதிக்கொண்டேன். "என் மேலாடையைக் கழற்றி எடுத்த படம் எதுவும் புத்தகத்திலோ கண்காட்சியிலோ இணையத்திலோ வரக்கூடாது, வந்தால் அது என் சம்மதத்தோடு வந்ததாக யாரும் சொல்லக்கூடாது" என்று ஒரு வரி இருக்கிறது. இது போதுமா? தமிழில் அனுப்பினால் மதிப்பு உண்டா?

---

வழக்குரை:

தமிழே போதும், அம்மா. அந்த வரியை ஒரு எழுத்தும் மாற்ற வேண்டாம். அதன் கீழே அவர் கையெழுத்திட்ட தாள் எந்தத் தேதியில் வாங்கப்பட்டது, படித்துக் காட்டப்படவில்லை என்பதை மட்டும் சேருங்கள். பதிவு செய்த விரைவுத் தபாலில் (ஸ்பீட் போஸ்ட்) அனுப்பி, ரசீதைப் பத்திரமாக வையுங்கள். புத்தகம் வெளியிடும் பதிப்பகத்துக்கும் ஒரு பிரதி போகட்டும்.